யானைப்புல் நடப் போகிறவர்களுக்கு

முதல் ஆண்டில் என் யானைப்புல்லை 12 அடி உயரம் வரை விட்டுவிட்டேன். வயல் நிறைந்து நின்றதைப் பார்க்க மகிழ்ச்சியாக இருந்தது. அறுத்து நறுக்கிப் போட்டால் மாடு இலையைத் தின்றுவிட்டுத் தண்டை ஒதுக்கியது. பாலும் குறைந்தது. ரகத்திலோ மண்ணிலோ குறை இருக்கும் என்று நினைத்துப் பல நாள் அலைந்த பிறகுதான் தெரிந்தது, தவறு அறுவடை நாளில் இருந்தது. 45 நாளில் அறுக்க வேண்டியதை 90 நாள் வைத்திருந்தேன். புதிதாக நடுபவர்கள் இந்த ஒன்றை முதலிலேயே மனதில் வைத்துக்கொண்டால் பாதி வேலை முடிந்தது: இந்தப் புல்லை வளர்ப்பது இலைக்காக. தண்டின் உயரம் கண்ணை நிறைக்கும், வயிற்றை நிறைக்காது.

புல்லைப் பற்றிக் கொஞ்சம்

யானைப்புல் ஆப்பிரிக்காவின் வெப்பமண்டலப் பகுதிகளைப் பூர்விகமாகக் கொண்டது. நேப்பியர் புல் என்ற பெயர் அன்றைய ரொடீசியாவின், அதாவது இன்றைய ஜிம்பாப்வேயின், புலவாயோ நகரில் இருந்த கர்னல் நேப்பியரால் வந்தது. 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இதைக் கால்நடைத் தீவனமாக வளர்த்துப் பார்க்கும்படி அந்நாட்டு வேளாண் துறையை வற்புறுத்தியவர் அவர். தாவரவியல் பெயர் நீண்டகாலம் பென்னிசெட்டம் பர்பூரியம் என்று இருந்தது. இப்போது செங்க்ரஸ் பர்பூரியஸ் என்கிறார்கள். பழைய நூல்களில் ஒரு பெயரும் புதிய கட்டுரைகளில் இன்னொரு பெயரும் கண்டால் குழம்ப வேண்டாம், புல் ஒன்றுதான்.

கரும்பைப் போலத் தூர் கட்டி, கணு விட்டு வளரும் பல்லாண்டுப் புல் இது. ஒருமுறை நட்டால் 4, 5 ஆண்டுகள் வரை அறுத்துக்கொண்டே இருக்கலாம். நல்ல வெயிலும் ஈரமும் இருந்தால் வளர்ச்சி வேகம் வியக்க வைக்கும். 25 முதல் 40 டிகிரி வெப்பத்தில் செழிக்கும். 15 டிகிரிக்குக் கீழே போனால் சுணங்கும், 10-ஐ நெருங்கினால் ஏறத்தாழ நின்றேவிடும். உறைபனி மேலிருக்கும் இலையைக் கருக்கிவிடும். மண் உறையாதவரை அடித்தூர் பிழைத்துக்கொண்டு மறுபடி துளிர்க்கும். வேர் ஆழமாகப் போவதால் வறட்சியைப் பொறுத்துக்கொள்ளும். ஆனால் பொறுத்துக்கொள்வது வேறு, தீவனம் தருவது வேறு. காய்ந்த மாதங்களில் தண்ணீர் இல்லாவிட்டால் புல் சாகாது, அவ்வளவுதான்; தொட்டிக்கு எதுவும் வராது.

நடுவதற்கு முன் கணக்கு

எவ்வளவு நடுவது என்று தெரியாமல் நடுவதுதான் பலருடைய முதல் பிழை. மாட்டிலிருந்து தொடங்குங்கள். 400 கிலோ எடையுள்ள ஒரு கறவை மாடு, தண்ணீர் நீக்கிய கணக்கில், அதாவது உலர்பொருளாக, நாளுக்கு 10 முதல் 12 கிலோ தின்னும். பச்சை யானைப்புல்லில் உலர்பொருள் 100-க்கு 15 முதல் 20 பங்குதான், மீதியெல்லாம் தண்ணீர். 30 கிலோ பச்சைப்புல் கொடுத்தால் மாட்டுக்குள் போவது 5 கிலோவுக்குச் சற்று மேல். ஆகவே 30 கிலோ புல்லோடு பயறுவகைத் தழை, வைக்கோல் அல்லது சோளத்தட்டை, அடர்தீவனம் எல்லாம் சேர்ந்தால்தான் வயிறு நிறையும். புல் மட்டுமே கொடுத்து வளர்ப்பது என்றால் 60 கிலோ வேண்டும். அது மாட்டுக்கும் நல்லதல்ல, உங்கள் முதுகுக்கும் நல்லதல்ல.

நாளுக்கு 30 கிலோ என்றால் ஆண்டுக்கு ஏறத்தாழ 11 டன். பாசனமும் எருவும் ஒழுங்காகக் கிடைக்கும் நிலத்தில் ஒரு சதுர மீட்டருக்கு ஆண்டுக்கு 20 கிலோ பச்சைப்புல் என்று வைத்துக்கொள்ளலாம். அந்தக் கணக்கில் ஒரு மாட்டுக்கு 550 சதுர மீட்டர். குளிரிலும் கோடையிலும் வளர்ச்சி குறையும் என்பதால் கால் பங்குக்கு மேலாகவே கூட்டி 700 சதுர மீட்டர், அதாவது 17 சென்ட் என்று கொள்ளுங்கள். மழையை மட்டும் நம்பும் நிலமாக இருந்தால் இதைப்போல் இருமடங்கு தேவைப்படும்.

இதைவிடப் பல மடங்கு விளைச்சல் சொல்லும் விளம்பரங்களைப் பார்ப்பீர்கள். பெரிய எண்கள் எல்லாம் பொய் என்று சொல்ல மாட்டேன். 1950-களில் போர்ட்டோ ரிக்கோவில் ஒரு சோதனையில் ஹெக்டேருக்கு ஆண்டில் ஏறத்தாழ 85 டன் உலர்பொருள் எடுத்தார்கள். அங்கே மழை 2,000 மில்லிமீட்டர்; கொடுத்த தழைச்சத்து, அதாவது நைட்ரஜன், ஹெக்டேருக்கு ஏறத்தாழ 900 கிலோ. அதுவும் 90 நாளுக்கு ஒருமுறை அறுத்தது. எண்ணைக் கேட்டால் அதற்குப் பின்னால் எவ்வளவு உரம், எவ்வளவு தண்ணீர், எத்தனை நாள் இடைவெளி என்பதையும் கேளுங்கள்.

நிலத்தை 9 துண்டாகப் பிரித்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு துண்டும் 5 நாள் தீவனம். ஒன்பதாம் துண்டை அறுத்து முடிக்கும்போது 45 நாள் ஆகியிருக்கும். முதல் துண்டு மறுபடி அறுவடைக்கு நிற்கும். காகிதத்தில் கோடு போடுவதோடு விடாமல் வயலிலும் நடைபாதை விட்டுப் பிரியுங்கள், துண்டுக்கு எண் எழுதிய குச்சியை நடுங்கள். தேதி தவறாமல் அறுக்க இதைவிட நல்ல வழி நான் அறியவில்லை. துண்டு பிரிக்காத வயலில் கை போன இடத்தில் அறுத்து, ஒரு மூலை முற்றிக் கரும்பாகவும் இன்னொரு மூலை இளம் குருத்தாகவும் நிற்கும்.

இடம்

முழு வெயில் படும் இடம் வேண்டும். மரநிழலில் புல் வரும், ஆனால் மெலிந்து தூர் குறைந்து வரும். மண் எதுவானாலும் ஓரளவு ஒத்துக்கொள்ளும். அமில மண்ணிலிருந்து லேசான கார மண் வரை, ஏறத்தாழ 4.5 முதல் 8 வரையான அமிலகாரநிலையில் வளர்ந்து பார்த்திருக்கிறார்கள். ஒன்றை மட்டும் இது பொறுக்காது: தேங்கிய தண்ணீர். இரண்டு மூன்று நாள் தண்ணீர் வடியாமல் நின்றால் இலை மஞ்சளாகும், வேர் மூச்சு முட்டி அழுகும். உங்களிடம் இருப்பது தாழ்ந்த சதுப்பு நிலம்தான் என்றால் பாராப்புல்லைத் தேர்ந்தெடுங்கள்.

தொழுவத்துக்கு அருகில் இருக்கும் நிலத்தை இதற்கு ஒதுக்குவது நல்லது. தினமும் 30 கிலோ புல்லைச் சுமக்க வேண்டும், அதே பாதையில் சாணமும் கழுவுநீரும் திரும்பிப் போக வேண்டும். தொலைவில் நட்டால் இரண்டும் நடக்காது.

எந்த ரகம்

பெரும்பாலும் உங்களுக்குக் கிடைக்கப் போவது கம்புடன் ஒட்டுச் சேர்த்த நேப்பியர்தான். யானைப்புல்லின் உயரமும் பல்லாண்டு வாழும் இயல்பும், கம்பின் மென்மையும் இனிப்பும் சேர்ந்தது இது. கோயம்புத்தூரிலுள்ள தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் உருவாக்கிய கோ-3, கோ-4, கோ-5 எல்லாம் இந்த வகை. தாய்லாந்தில் உருவான பாக்சோங்-1 என்பதும் இதே ஒட்டுதான். அதைத்தான் சூப்பர் நேப்பியர் என்று விற்கிறார்கள். இந்த ஒட்டுப்புற்கள் விதை பிடிக்காது. யானைப்புல்லின் குரோமோசோம் 28, கம்பினுடையது 14, ஒட்டில் 21 ஆகிவிடுவதால் இணை சேராமல் பூ மலடாகிறது. ஆகவே இந்த ஒட்டுகளின் விதை என்று யாராவது பொட்டலம் கொடுத்தால் வாங்காதீர்கள். ஒட்டாத பழைய யானைப்புல் விதை பிடிக்கும், ஆனால் அது பொடி விதை, முளைப்பும் மோசம், நாற்றும் நோஞ்சான். எந்த வகையானாலும் கரணைதான், அதாவது கணுவோடு வெட்டிய தண்டுத்துண்டுதான், வழி.

குட்டையான மாட் என்ற ரகமும் உண்டு, ஃபுளோரிடாவில் வெளியிட்டது. தண்டு குட்டை, இலை அதிகம். மாட்டை நேரே மேயவிட நினைப்பவர்களுக்கு அது ஏற்றது. அறுத்துப் போடுபவர்களுக்கு உயர ரகம் போதும்.

நாட்டு வகை யானைப்புல்லில் இலையுறை முழுதும் சுணை இருக்கும். அறுத்தவன் கை மாலைவரை அரிக்கும். ஒட்டுப்புற்களில் சுணை குறைவு. நீங்களே தினமும் அறுக்கப் போகிறீர்கள் என்றால் ரகம் தேர்வதில் இதையும் ஒரு காரணமாக எடுத்துக்கொள்ளுங்கள். எந்த ரகமானாலும் முழுக்கைச் சட்டை வேண்டும். இலை விளிம்பு சதையைக் கீறும்.

கரணை

700 சதுர மீட்டருக்கு, வரிசைக்கு வரிசை 60 சென்டிமீட்டரும் செடிக்குச் செடி 50 சென்டிமீட்டரும் விட்டால், ஏறத்தாழ 2,300 கரணை வேண்டும். அத்தனையையும் காசு கொடுத்து வாங்காதீர்கள். 70 கரணை மட்டும் வாங்கி ஓரமாக நட்டு, நன்றாகத் தண்ணீரும் எருவும் கொடுங்கள். 4 மாதத்தில் ஒரு தூரில் 10 தண்டு, தண்டுக்கு 4 கரணை என்று குறைத்துக் கணக்குப் போட்டாலும் தூருக்கு 40 கரணை. 60 தூர் நன்றாக வந்தால் முழு வயலுக்கும் போதும். செலவு குறைவது ஒரு நன்மை. அதைவிடப் பெரிய நன்மை, நோய் இருந்தால் அந்தச் சிறு பாத்தியிலேயே கண்ணில் பட்டுவிடும். வயல் முழுதும் பரவிய பிறகு தெரிந்து வருந்த வேண்டியதில்லை.

கரணைக்கு வெட்டும் தண்டு 3 முதல் 4 மாத வயதில், விறைப்பாக, கணுவில் பரு, அதாவது முளைக்கும் மொட்டு, தெளிவாகத் தெரியும்படி இருக்க வேண்டும். நுனியில் உள்ள மூன்றில் ஒரு பங்கு இளசு, அது மண்ணில் அழுகும். அதை மாட்டுக்குப் போட்டுவிடுங்கள். அடியிலும் நடுவிலும் உள்ள பகுதியை 2 அல்லது 3 கணு இருக்கும்படி, கூரான கத்தியால் ஒரே வெட்டாக வெட்டுங்கள். மழுங்கிய அரிவாளால் நசுக்கி வெட்டிய கரணை பிளந்து, தண்ணீர் இறங்கிக் கெட்டுப்போகும். வெட்டிய அன்றோ மறுநாளோ நட்டுவிட வேண்டும். தள்ளிப்போனால் நிழலில் அடுக்கி ஈரச்சாக்கு போட்டு மூடி வைக்கலாம், அதுவும் ஓரிரு நாளுக்குத்தான்.

பக்கத்தில் யாரிடமாவது பழைய தூர் இருந்தால் வேரோடு பிரித்த தூர்த்துண்டுகளையும் நடலாம். அவை சீக்கிரம் பற்றும். தோண்டவும் சுமக்கவும் கூடுதல் உழைப்பு தேவை என்பதுதான் குறை.

நடவு

மழைக்காலத் தொடக்கத்தில் நடுவது எல்லா வகையிலும் சுலபம். பாசனம் இருந்தால் கடுங்குளிர் தவிர எப்போதும் நடலாம். இரண்டு மூன்று முறை ஆழ உழுது, களைக்கிழங்கைப் பொறுக்கி எடுங்கள். கோரை, அறுகு நிறைந்த நிலமானால் இந்தக் கட்டத்தில் பொறுமை வேண்டும். நட்ட பிறகு தூருக்குள் புகுந்த கோரையை எடுப்பது கடினம். கடைசி உழவில் நன்கு மக்கிய தொழுவுரம் ஏக்கருக்கு 10 டன், அதாவது நம் 700 சதுர மீட்டருக்கு ஏறத்தாழ 1,700 கிலோ, பரப்பி மண்ணோடு கலந்துவிடுங்கள். மணிச்சத்தை (பாஸ்பரஸ்) அடியுரமாகவே போட்டுவிட வேண்டும்; அது மண்ணில் நகராது, பிறகு மேலே தூவினால் வேருக்கு எட்டாது.

பார் பிடித்து, தண்ணீர் விட்டு, ஈரப்பாரின் பக்கவாட்டில் கரணையைச் சாய்வாக ஊன்றுங்கள். 3 கணு இருந்தால் 2 கணு மண்ணுக்குள், 1 கணு வெளியே. பரு மேல்நோக்கி இருக்க வேண்டும். தலைகீழாக நட்டால் முளைப்பு தாமதமாகும், சில முளைக்கவே முளைக்காது. வெட்டிய குவியலில் எது அடி எது நுனி என்று தெரியாமல் போகும் என்பதால், வெட்டும்போதே எல்லாவற்றையும் ஒரே பக்கமாக அடுக்கி வாருங்கள். மண்ணைக் காலால் மிதித்து இறுக்கிவிடுங்கள்; கரணையைச் சுற்றிக் காற்று நின்றால் வேர் பிடிக்காது.

தண்ணீர் குறைவான நிலத்தில் 1 மீட்டர் வரிசை இடைவெளி விட்டு நடுங்கள். அப்போது கரணை குறையும், நடுவில் தட்டைப்பயறு போன்ற ஒன்றை ஊடுபயிராகவும் போட முடியும். அங்கே கரணையைக் கரும்புபோல் சாலில் படுக்கவைத்து 5 சென்டிமீட்டர் மண் மூடுவதும் நல்ல முறைதான். மண்ணின் ஈரம் முழுக் கரணையையும் காக்கும்.

நட்டவுடன் ஒரு தண்ணீர், மூன்றாம் நாள் உயிர்த்தண்ணீர், பிறகு மண்ணைப் பார்த்து 7 முதல் 10 நாளுக்கு ஒருமுறை. 2 வாரத்தில் பெரும்பாலானவை முளைவிடும். 3-ஆம் வாரம் வரிசையாக நடந்து பாருங்கள். முளைக்காத இடத்தில் உடனே வேறு கரணை ஊன்றுங்கள். இதை ஒரு மாதம் தள்ளிப்போட்டால், பக்கத்துத் தூர்கள் நிழல் கட்டிவிடும், புதிதாக ஊன்றியது அதன் கீழ் எழும்பவே எழும்பாது.

முதல் 2 மாதம் களை எடுத்தே ஆக வேண்டும். 20-ஆம் நாள் ஒன்று, 40-ஆம் நாள் ஒன்று, அத்தோடு மண் அணைப்பு. அதன்பிறகு புல்லே நிலத்தை மூடிக் களையை அடக்கிவிடும்.

முதல் அறுவடையும் அடுத்தவையும்

முதல் அறுவடை 75 முதல் 90 நாளுக்குள். இந்த ஒரு முறை மட்டும் சற்று அதிகம் காத்திருக்கலாம், வேர் ஊன்றித் தூர் கட்ட அந்த நாட்கள் தேவை. முன்கூட்டி அறுத்தால் தூர் வாழ்நாள் முழுதும் மெலிந்தே இருக்கும். முதல் ஆண்டில் மாட்டை உள்ளே மேயவும் விடாதீர்கள்.

அதற்குப் பிறகு 45 நாள். வெயில் குறைந்த, குளிர்ந்த மாதங்களில் 55, 60 நாள் வரை போகும். நாளை விட நம்பகமான அடையாளம் வேண்டுமென்றால் தண்டின் அடியை விரல் நகத்தால் அழுத்திப் பாருங்கள். நகம் இறங்கினால் சரியான பருவம். இறங்காமல் வழுக்கினால் நார் ஏறிவிட்டது.

ஏன் இத்தனை கறாராகச் சொல்கிறேன் என்றால், காரணம் புல்லுக்குள் இருக்கிறது. 6 வாரப் புல்லில் புரதம் உலர்பொருளில் 100-க்கு 10 பங்கு போல இருக்கும். 3 மாதம் ஆனால் அது 5, 6 ஆகச் சரியும். தண்டு தன்னை நிமிர்த்தி நிறுத்த லிக்னின் என்ற மரப்பொருளைச் சேர்த்துக்கொண்டே போகிறது; அதை மாட்டின் பெருவயிற்றில் இருக்கும் நுண்ணுயிர்களால் உடைக்க முடியாது. அந்த நுண்ணுயிர்களுக்கே உயிர்வாழ 7 பங்கு புரதமாவது தீவனத்தில் வேண்டும். அதற்குக் கீழே போனால் அவை சோர்ந்துவிடும், செரிமானம் மந்தமாகும், மாடு தின்னும் அளவே குறையும். முற்றிய புல்லைக் கூடுதலாகப் போட்டு இதை ஈடுகட்டவும் முடியாது, வயிற்றில் இடமிருக்காது. எடைத்தராசில் 90 நாள் புல் அதிகமாகத்தான் காட்டும். பால் கறக்கும் செம்பில்தான் உண்மை தெரியும்.

மிகச் சீக்கிரம், 25, 30 நாளில் அறுப்பதும் தவறு. தூர் தன் அடியில் சேமித்த மாவுச்சத்தைக் கொண்டுதான் மறுபடி துளிர்க்கிறது. அந்தச் சேமிப்பு நிரம்புமுன் திரும்பத் திரும்ப அறுத்தால் ஒரே ஆண்டில் வயலில் வழுக்கை விழும்.

தரையிலிருந்து 10 முதல் 15 சென்டிமீட்டர் விட்டு, கூரான அரிவாளால் சுத்தமாக வெட்டுங்கள். முழங்கால் உயரத்தில் வெட்டினால் மேல்கணுவிலிருந்து மெல்லிய பக்கக்கிளைகள் வரும்; அடியிலிருந்து புதுத்தூர் வராது. அறுத்த பிறகு நீண்டுகொண்டிருக்கும் காய்ந்த கட்டைகளை ஆண்டுக்கு இருமுறை கழித்துவிடுங்கள்.

எடுத்ததைத் திருப்பிக் கொடுங்கள்

யானைப்புல் எந்த மண்ணிலும் வரும் என்று கேள்விப்பட்டுத்தான் பலர் நடுகிறார்கள். வரும். ஆனால் அது மண்ணிலிருந்து எடுத்துக்கொண்டு போவதைக் கணக்குப் பாருங்கள். 100 டன் பச்சைப்புல்லில் 18 டன் உலர்பொருள். அதில் 10 பங்கு புரதம் என்றால் அதற்குள் இருக்கும் தழைச்சத்து மட்டும் 290 கிலோ. சாம்பல்சத்து (பொட்டாசியம்) அதைவிடவும் கூடுதலாகப் போகும். நெல்லிலோ சோளத்திலோ தானியத்தை எடுத்துவிட்டுத் தாளை நிலத்துக்கு விடலாம். இங்கே செடி முழுதும் வயலைவிட்டு வெளியேறுகிறது, ஆண்டுக்கு 7, 8 முறை. மூன்றாம் ஆண்டு புல் வெளிறி மெலிந்துவிட்டது, ரகம் கெட்டுவிட்டது என்று சொல்பவர்களின் வயலில் பெரும்பாலும் நடந்திருப்பது இதுதான்.

ஒவ்வொரு அறுவடைக்குப் பின்னும் 2, 3 நாளில் தண்ணீர் கட்டி, ஏக்கருக்கு 20 முதல் 25 கிலோ தழைச்சத்து கொடுங்கள். நம் 9 துண்டுக் கணக்கில், ஒரு துண்டுக்கு ஒரு கிலோ யூரியா. ஈரமண்ணில் வரிசையோரம் போட்டு மண்ணால் மூடுங்கள். வெயிலில் மேலாகத் தூவினால் பாதி காற்றோடு போகும்.

இதையெல்லாம் விட, தொழுவத்தைக் கழுவும் தண்ணீரை வயலுக்குத் திருப்புங்கள். மாட்டின் சாணத்தை எல்லோரும் சேர்க்கிறார்கள், மூத்திரத்தை விட்டுவிடுகிறார்கள். சாம்பல்சத்தின் பெரும்பகுதி மூத்திரத்தில்தான் இருக்கிறது, தழைச்சத்திலும் கணிசமான பங்கு. புல் எடுத்துக்கொண்டு போனது இந்த வழியாகத்தான் திரும்பி வருகிறது. அன்றன்று அறுத்த துண்டுக்கு அன்றன்றைய கழுவுநீர் என்று வாய்க்காலை மாற்றிக்கொண்டே வாருங்கள். ஒரே துண்டுக்குத் தொடர்ந்து விடாதீர்கள். அது எங்கே கொண்டுபோய் விடும் என்பதை அடுத்து சொல்கிறேன்.

தொட்டியில்

2 முதல் 3 சென்டிமீட்டர் நீளத்துக்கு நறுக்கிப் போட்டால் மாடு இலையையும் தண்டையும் பிரித்தெடுக்க முடியாது, வீணாவதும் குறையும். நறுக்கும் இயந்திரத்தில் கை வைக்கும்போது கவனம்: நீண்ட தட்டு இல்லாத, மூடி இல்லாத இயந்திரத்தை வாங்காதீர்கள், சிக்கிய புல்லை இயந்திரம் ஓடும்போது கையால் இழுக்காதீர்கள், குழந்தைகளைப் பக்கத்தில் விடாதீர்கள். விரலையும் கையையும் இழந்தவர்கள் உண்டு.

புதிதாகப் பழக்கும் மாட்டுக்கு ஒரு வாரம், பத்து நாள் எடுத்துக்கொண்டு கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டுங்கள். 3 பங்கு புல்லுக்கு 1 பங்கு பயறுவகைத் தழை சேருங்கள்: வேலிமசால், குதிரைமசால், தட்டைப்பயறு, அகத்தி, எது கிடைக்கிறதோ அது. புல்லில் குறையும் புரதத்தையும் சுண்ணாம்புச்சத்தையும் அவை நிரப்பும்.

இரண்டு ஆபத்துகளைத் தெரிந்து வைத்திருக்க வேண்டும். ஒன்று ஆக்சலேட். இந்தப் புல்லில் இயல்பாகவே இருக்கும் அமிலப்பொருள் அது, இளம்புல்லில் கூடுதல். தீவனத்திலுள்ள சுண்ணாம்புச்சத்தைப் பிடித்து உடலுக்குச் சேராமல் செய்துவிடும். தாது உப்புக் கலவை தினமும் கொடுத்தால் மாட்டுக்குப் பெரும்பாலும் சிக்கல் இல்லை. கன்று ஈன்ற மாட்டுக்கு மட்டும் கூடுதல் கவனம். குதிரைக்கு இதை முதன்மைத் தீவனமாகக் கொடுக்கவே கூடாது. நாளடைவில் எலும்பைக் குலைத்து முகத்தை வீங்க வைக்கும்.

இன்னொன்று நைட்ரேட், இது உடனே கொல்லக்கூடியது. தழைச்சத்து மிகுந்த நிலத்தில் வறட்சியில் வாடிய புல், மழை பெய்து சில நாளில் திடீரென்று துளிர்க்கும்போது, உறிஞ்சிய நைட்ரேட்டைப் புரதமாக மாற்ற நேரமின்றித் தண்டின் அடியில் தேக்கி வைக்கும். ஒரே துண்டுக்குத் தொடர்ந்து கழுவுநீர் விட்டாலும் இதே கதைதான். மாட்டின் வயிற்றில் அது நைட்ரைட்டாக மாறி, இரத்தம் உயிர்வளியைச் சுமக்க முடியாமல் செய்துவிடும். மூச்சு இரைப்பு, தள்ளாட்டம், ஈறும் கண்ணின் உட்தோலும் நீலம் கலந்த பழுப்பாவது, இரத்தம் சாக்லேட் நிறமாவது இவை அறிகுறிகள். கண்டவுடன் புல்லை நிறுத்திக் கால்நடை மருத்துவரை அழையுங்கள், காத்திருக்காதீர்கள். வறட்சிக்குப் பின் மழை பெய்தால் ஒரு வாரம், பத்து நாள் கழித்து அறுங்கள். அறுக்கும்போது அடித்தண்டைக் கூடுதலாக விட்டு அறுங்கள். பசித்த மாட்டுக்கு முதலில் வைக்கோல், பிறகுதான் புல். அறுத்துக் காயவைத்தால் நைட்ரேட் போய்விடும் என்று எண்ண வேண்டாம், போகாது.

மிஞ்சும் புல்

மழைக்காலத்தில் மாடு தின்பதைவிட வேகமாகப் புல் வளரும். அப்போது விட்டுவைத்தால் முற்றிவிடும். காயவைத்தும் சேர்க்க முடியாது: தண்டு காய்வதற்குள் இலை உதிரும், பூஞ்சை பிடிக்கும். ஊறுகாய்ப்புல்லாகப் போடுவதுதான் வழி. அறுத்த புல்லைச் சில மணி நேரம் வெயிலில் வாடவிட்டு, நறுக்கி, காற்றுப் புகாத பையிலோ குழியிலோ அடுக்கடுக்காகப் போட்டு மிதித்து இறுக்குங்கள். யானைப்புல்லில் சர்க்கரைச்சத்து குறைவு, தண்ணீர் அதிகம் என்பதால் அதுவாகப் புளிக்காமல் அழுகிவிடும். ஆகவே 100 கிலோவுக்கு 3, 4 கிலோ வெல்லப்பாகு கரைத்துத் தெளிக்க வேண்டும். வாடவிட்ட புல்லைக் கைப்பிடி எடுத்து அழுத்துங்கள். விரலிடுக்கில் சாறு வழிந்தால் இன்னும் வாட வேண்டும். 40 நாள் கழித்துத் திறக்கும்போது மஞ்சள் கலந்த பச்சையாக, இனிய புளிப்பு மணத்துடன் இருந்தால் நன்றாக வந்திருக்கிறது. கறுத்து வழவழப்பாக, நாற்றமெடுத்தால் மாட்டுக்குப் போடாதீர்கள்.

நோய்

பெரும்பாலான இடங்களில் யானைப்புல்லுக்கு நோய்த்தொல்லை குறைவு. கிழக்கு ஆப்பிரிக்கா அதற்கு விதிவிலக்கு. அங்கே இரண்டு நோய்கள் சிறுவிவசாயிகளை வாட்டின. குட்டைநோயில் அறுத்த தூர் மஞ்சளாகச் சிற்றிலை விட்டுக் குறுகி, ஒவ்வொரு அறுவடைக்கும் சிறுத்து இறுதியில் செத்துவிடும். ஃபைட்டோபிளாஸ்மா என்ற நுண்ணுயிர் காரணம், தத்துப்பூச்சி பரப்பும். கரிப்பூட்டை என்ற பூஞ்சைநோயில் தண்டு மெலிந்து அகாலத்தில் பூத்து, கதிர் கரி பூசியதுபோல் ஆகும். இரண்டுமே கரணை வழியாக ஊர்விட்டு ஊர் போகும். கண்ட தூரை வேரோடு தோண்டி எரித்துவிடுங்கள், எருக்குழியில் போடாதீர்கள், அதே அரிவாளால் அடுத்த தூரை வெட்டாதீர்கள். கரணை வாங்கும்போது தாய்வயலை நேரில் பார்க்க வேண்டும் என்பதும் இதனால்தான்.

அதே கிழக்கு ஆப்பிரிக்காவில் இந்தப் புல்லுக்கு இன்னொரு பெருமையும் உண்டு. மக்காச்சோள வயலைச் சுற்றி இதை வேலிபோல் நட்டால், தண்டுத்துளைப்பானின் தாய்ப்பூச்சி மக்காச்சோளத்தை விட்டு இதில் முட்டையிட வருகிறது. பொரித்து வரும் புழு துளைக்கும்போது புல் ஒருவகைப் பசையைக் கசியவிட, பெரும்பாலான புழுக்கள் அதில் சிக்கிச் சாகின்றன. மக்காச்சோளத்தின் இடையில் டெஸ்மோடியம் என்ற பயறுவகைச் செடியை நட்டுப் பூச்சியை விரட்டவும், சுற்றிலும் யானைப்புல் நட்டு இழுக்கவும் செய்யும் இந்த முறையைக் கென்யாவில் உள்ள இசிப்பே ஆய்வு மையமும் இங்கிலாந்தின் ரோத்தம்ஸ்டெட் நிலையமும் சேர்ந்து வகுத்தன. மக்காச்சோளமும் மாடும் வைத்திருப்பவர்கள் வரப்போரம் செய்து பார்க்கலாம்.

வயலைவிட்டு வெளியே போகாமல்

வேகமாக வளரும் எதற்கும் இருக்கும் குறை இதற்கும் உண்டு. கால்வாய்க் கரையில் ஒரு தண்டு விழுந்தால் அங்கேயே வேர்விட்டு, சில ஆண்டுகளில் நீரோட்டத்தை அடைத்துவிடும். உலகின் பல வெப்பப் பகுதிகளில் இது அன்னியக் களையாக அறிவிக்கப்பட்டிருக்கிறது. ஓடை, வாய்க்கால் கரையிலிருந்து தள்ளி நடுங்கள், வேண்டாத தண்டை வெளியே எறியாதீர்கள்.

4, 5 ஆண்டில் தூரின் நடு செத்து, ஓரத்தில் மட்டும் வளையமாகத் துளிர்க்கத் தொடங்கும். அதுவே மறுநடவுக்கான அறிகுறி. ஒரே ஆண்டில் முழு வயலையும் கலைக்காமல், 9 துண்டில் ஆண்டுக்கு 2 துண்டு என்று மாற்றிக்கொண்டு வந்தால் தீவனம் ஒருநாளும் தடைபடாது. தோண்டிய துண்டில் உடனே புல்லை நடாமல் ஒரு பருவம் தட்டைப்பயறு போடுங்கள், பிறகு நன்கு தூர் கட்டிய, நோயில்லாத துண்டிலிருந்து கரணை வெட்டி நடுங்கள். அந்தத் தாய்த்துண்டை மட்டும் அறுக்காமல் 3, 4 மாதம் வளரவிட வேண்டும். தண்டு முற்றி, கணுவில் பரு திரண்டால் கரணைக்குத் தயார்.